போர்ச்சுகீஸ்காரன் கிளம்பினப்புறம்தான் போர்ச்சுகீஸ் வந்துச்சு

கேள்வி இதுதான்: "ஆச்சிபே, கூகி, ருஷ்டின்னு இங்கிலீஷ்காரன் ஆண்ட நாட்டு எழுத்தெல்லாம் ஓரளவு படிச்சிருக்கேன். போர்ச்சுகல் ஆண்ட நாடுகள்ல என்ன நடந்துச்சு? இங்கிலீஷை விட்டுட்டு தாய்மொழி கிகூயுல எழுதப் போன கென்யாக்காரர் கூகி மாதிரி யாராவது போர்ச்சுகீஸே வேணாம்னு தூக்கி எறிஞ்சாங்களா? எங்கேருந்து படிக்க ஆரம்பிக்கலாம்?"

ரெண்டாவது கேள்விக்கு முதல்ல பதில் சொல்லிடறேன், ஏன்னா மத்ததெல்லாம் அதுலயே அடங்கிடும். பெரிய எழுத்தாளர்கள்ல யாரும் எறியல. எறியாதது மட்டும் இல்ல, அங்கோலாவுலயும் மொசாம்பிக்லயும் போர்ச்சுகீஸ்காரன் மூட்டை கட்டிக்கிட்டு போனதுக்கு அப்புறம்தான் அந்த மொழி வீட்டுக்குள்ளயே நுழைஞ்சுது. கேட்டா நம்ப மாட்டீங்க, நானும் நம்பல. கப்பல் சரக்கு கம்பெனி ஒண்ணுல கணக்கு பார்க்க மொசாம்பிக் தலைநகர் மபுட்டோ போயி நாலு வருஷம் இருந்தேன், எங்க ஆபீஸ் வாசல்ல ஒரு காவல்காரர், அறுபது வயசு இருக்கும், போன்ல பொண்ணுகிட்ட உள்ளூர் மொழி சங்கானாவுல பேசுவாரு, ஸ்பீக்கர்ல அந்தப் பக்கம் பொண்ணு போர்ச்சுகீஸ்ல பதில் சொல்லும், ரெண்டு பேருமே மாத்திக்க மாட்டாங்க, பேச்சும் நிக்காது. ஒரு நாள் கேட்டேன், உங்க பொண்ணுக்கு சங்கானா வராதான்னு. "புரியும், வாயில வராது"ன்னாரு, வருத்தம் எதுவும் தெரியல, வெயில் ஜாஸ்தின்னு சொல்ற மாதிரி சொன்னாரு.

மக்கள்தொகை கணக்கெடுப்பும் இதைத்தான் சொல்லுது. சுதந்திரம் வந்தது 1975 ஜூன் 25. 1980 கணக்கெடுப்புல மொசாம்பிக்ல போர்ச்சுகீஸ் தாய்மொழின்னு சொன்னவங்க நூத்துக்கு ஒருத்தர், அவ்வளவுதான். 2007-ல அது கிட்டத்தட்ட 11 சதவீதம், 2017-ல 16 சதவீதத்துக்கும் மேல. அங்கோலா இன்னும் வேகம், 2014 கணக்கெடுப்புல 71 சதவீதம் பேர் வீட்ல போர்ச்சுகீஸ் பேசறோம்னு சொல்லியிருக்காங்க. சுமார் 500 வருஷம் ஆண்டவன் பண்ணாததை, அவன் போன பிறகு வந்த 40 வருஷம் பண்ணியிருக்கு.

நமக்கும் போர்ச்சுகீஸ்காரன் வந்தான் போனான், ஆனா நம்ம வாயில அவன் விட்டுட்டுப் போனது சாவி, சன்னல், அலமாரி, மேசை, பாதிரி மாதிரி வார்த்தைங்கதான், ஈழத்துல கூடுதலா சப்பாத்து. வீட்டுச் சாமான் அளவுக்கு. அங்க வீடே அந்த மொழியில கட்டினாங்க, அதுதான் வித்தியாசம்.

சரி, ஆண்ட காலத்துல ஏன் பரவல? பரப்பணும்னு அவன் நினைக்கவே இல்ல. காலனியில இருந்த கறுப்பு ஜனங்களை சட்டப்படியே 'இந்திஜெனா', அதாவது சுதேசின்னு தனியா வச்சிருந்தான், குடியுரிமை கிடையாது, கட்டாய வேலைக்கு இழுத்துட்டுப் போகலாம், அதிகாரி ஓட்டை போட்ட மரக்கட்டையால உள்ளங்கையில அடிக்கலாம், அந்தக் கட்டைக்குப் பேரு பல்மதோரியா. அதுலேருந்து மேல வரணும்னா 'அசிமிலாடு' ஆகணும். அதுக்கு போர்ச்சுகீஸ் நல்லா பேசணும், வருமானம் காட்டணும், பழைய பழக்கவழக்கத்தை விட்டுட்டேன்னு நிரூபிக்கணும். 1950-ல மொசாம்பிக்ல அப்படி ஆனவங்க மொத்த ஜனத்தொகையில ஒரு சதவீதத்துக்கும் ரொம்பக் கீழ. இந்தச் சட்டத்தை எடுத்ததே 1961-லதான், அதுவும் அங்கோலாவுல சண்டை ஆரம்பிச்ச பிறகு.

இதுல ஒரு கூத்து என்னன்னா, இதே காலத்துல வெளிய வேற கதை ஓடிட்டு இருந்துச்சு. 1951-ல போர்ச்சுகல் சர்வாதிகாரி சலாசார் அரசியலமைப்பைத் திருத்தி, எங்ககிட்ட காலனியே இல்ல, 'கடல் கடந்த மாகாணம்'தான் இருக்குன்னு பேரை மாத்திட்டான். பிரேசில்ல கில்பர்டோ ஃப்ரெய்ரேன்னு ஒரு சமூகவியல் அறிஞர், போர்ச்சுகீஸ்காரன் மத்த வெள்ளைக்காரன் மாதிரி இல்ல, வெப்ப நாட்டு ஜனங்களோட கலந்து வாழத் தெரிஞ்சவன்னு ஒரு தியரி வச்சிருந்தாரு. அவரைக் கூப்பிட்டு, 1951-52-ல அரசு செலவுல கோவா உட்பட பல இடங்களைச் சுத்திக் காட்டினாங்க, அவரும் லூசோட்ராபிகலிசம்னு அதுக்கு ஒரு பேரே வச்சுட்டாரு. ஐநா சபையில யாராவது காலனி பத்தி கேள்வி கேட்டா இதைத்தான் எடுத்து நீட்டுவாங்க. அங்கோலாக்காரர் மாரியோ பிண்டோ டி ஆண்ட்ராடே 1955-லயே பாரிஸ்லேருந்து புனைபேர்ல இதைக் கிழிச்சு எழுதினாரு. ஆனா இன்னிக்கும் லிஸ்பன்ல சாப்பாட்டு மேசையில "நாங்க அவ்வளவு மோசம் இல்லப்பா" வந்துரும், நானே கேட்டிருக்கேன், ஃப்ரெய்ரே பேரே தெரியாதவங்க வாயிலேருந்து.

எழுத்துக்கு வருவோம். போர்ச்சுகீஸ்ல படிக்க முடிஞ்ச ஒரு சின்னக் கூட்டத்துலேருந்துதான் எழுத்தாளர்கள் வந்தாங்க, இதை மறந்துட்டா ஒண்ணுமே புரியாது. கறுப்பரா, கலப்பா, வெள்ளையா இருக்கலாம், ஆனா எல்லாருக்கும் படிப்பு போர்ச்சுகீஸ்ல. மொசாம்பிக்கோட பெரிய கவிஞர் ஜோசே க்ராவெய்ரின்யா, 1922-ல பிறந்தவர், அப்பா போர்ச்சுகல்லோட அல்கார்வே பக்கம், அம்மா உள்ளூர் ரோங்கா இனம். அம்மா மொழி ஒரு காதுல, அப்பா மொழி ஒரு காதுல. அவரோட ரொம்பப் பிரபலமான கவிதையில பேசறவன் தன்னை நிலக்கரின்னு சொல்லிக்கிறான், முதலாளி என்னைத் தோண்டி எடுத்து எரிக்கிறே, நான் எரிவேன்தான், ஆனா எரியறப்போ என்ன ஆகும்னு பாருங்கற தொனி. நாலு வருஷம் ஜெயில்ல வச்சிருந்தாங்க. (அவரு விளையாட்டுப் பத்திரிகையாளரும்கூட. பையன்களோட கால்பந்து ஆடிட்டிருந்த ஒரு பொண்ணைப் பார்த்து ஓட்டப்பந்தயத்துக்குத் திருப்பி விட்டவரு அவர்தான். அந்தப் பொண்ணு மரியா முடோலா, சிட்னி ஒலிம்பிக்ஸ்ல 800 மீட்டர் தங்கம். எனக்கு அவரைப் பத்தி ரொம்பப் பிடிச்ச விஷயம் இதுதான்.)

இவங்கள்ல நிறைய பேர் ஒண்ணு சேர்ந்த இடம் எதுன்னா லிஸ்பன். 1944-ல அரசாங்கமே காலனி மாணவர்களுக்குன்னு ஒரு விடுதி மாதிரி ஆரம்பிச்சு, 'பேரரசு மாணவர் இல்லம்'னு பேரும் வச்சுது, எல்லாரையும் ஒரே இடத்துல வச்சா கண்காணிக்க சுலபம், விசுவாசமாவும் வளருவாங்கன்னு கணக்கு. வந்து சேர்ந்தது யாரு? கினி-பிசாவு, கேப் வெர்டே விடுதலையை நடத்தின அமில்கர் கப்ரால், அங்கோலாவோட முதல் ஜனாதிபதியான டாக்டர் அகொஸ்டின்யோ நெட்டோ, சாவோ டோமே கவிஞர் அல்டா டோ எஸ்பிரிட்டோ சாண்டோ. நெட்டோ கவிஞர், கப்ராலும் சின்ன வயசுல கவிதை எழுதினவர். ராத்திரி ஒரு அறையில உட்கார்ந்து கவிதைத் தொகுப்பு போட்டவங்க பகல்ல கட்சி ஆரம்பிச்சாங்க. 1965-ல ரகசிய போலீஸ் வந்து இழுத்து மூடறதுக்குள்ள காரியம் முடிஞ்சுபோச்சு.

இப்ப லுவாண்டினோ வியேரா. ஒருத்தரைத்தான் படிக்க முடியும்னா இவரைப் படிங்கன்னு சொல்வேன். போர்ச்சுகல்ல பிறந்த வெள்ளைக்காரர், சின்னக் குழந்தையா அங்கோலா தலைநகர் லுவாண்டா வந்து அங்க 'முசெக்'குகள்ல வளர்ந்தவர். முசெக்னா கிம்புண்டு மொழியில மணல் பூமி. தார் ரோடு முடிஞ்சு செம்மண் ஆரம்பிக்கிற இடத்துல இருக்கிற குடிசைப் பகுதி. அந்தப் பாசத்துலதான் பேருக்குள்ளயே லுவாண்டாவை வச்சுக்கிட்டாரு. 1961-ல பிடிச்சாங்க, 14 வருஷம் தண்டனை, லுவாண்டா ஜெயில்ல இருக்கும்போதே எழுதின மூணு கதைதான் 'லுவாண்டா' புத்தகம்.

அதுல கோழியும் முட்டையும்னு ஒரு கதை. செஃபான்னு ஒருத்தியோட கோழி, பேரு கபிரி, அது பக்கத்து வீட்டு பீனா முற்றத்துல போய் முட்டை போட்டுருது. பீனா கர்ப்பமா இருக்கா, புருஷன் ஜெயில்ல, முட்டை மேல ஆசை. கோழி என்னுதுன்னு இவ, தின்ன சோளம் என்னுது, முற்றம் என்னுதுன்னு அவ. குழாயடிச் சண்டை. பெபேகான்னு ஒரு பாட்டி பஞ்சாயத்துக்கு உட்காருறா, முட்டையைக் கையில வச்சுக்கிட்டு போற வர்றவங்களை எல்லாம் நியாயம் கேக்கறா. கடைக்காரன் சொல்றான், அந்தச் சோளமே என்கிட்ட கடன்ல வாங்கினது, அதனால முட்டை எனக்கு. பாதிரியார் ஸ்கூல்ல படிக்கிற பையன் பைபிள் வசனம் சொல்லிட்டு முட்டையை பாதிரியார்கிட்ட கொண்டு போறேங்கறான். வீட்டு ஓனர் வர்றான், வீடே என்னுது. குமாஸ்தாவா இருந்த ஒரு ஆளு பத்திரம் இருக்கா, ரசீது இருக்கான்னு கேட்டுட்டு ஃபீஸ் பேசறான். கடைசியா போலீஸ் வருது, கூட்டம் கூடினதுக்கு மிரட்டிட்டு, கோழியை நாங்க கொண்டு போறோம், சுட்டுத் திங்கலாம்னு தூக்கிடறாங்க. வியாபாரம், சர்ச், சொத்து, சட்டம், போலீஸ், மொத்த காலனி ஆட்சியும் ஒரு முட்டைக்கு வரிசையில வந்து நின்னுட்டுப் போகுது, கதையில எங்கயும் காலனின்னு ஒரு வார்த்தை இழுத்து வச்சுப் பேசல. அப்புறம் ரெண்டு வாண்டுப் பசங்க மறைஞ்சு நின்னு சேவல் மாதிரி கூவறாங்க, கபிரி போலீஸ்காரன் கையிலேருந்து உதறிட்டுப் பறக்குது. செஃபா வந்து பீனாகிட்ட சொல்றா, முட்டையை நீயே வச்சுக்கோ, வயித்துப் புள்ளைக்காரி.

இதை அவர் எழுதின பாஷைதான் விஷயம். நல்ல போர்ச்சுகீஸ் தெரிஞ்ச லிஸ்பன்காரனுக்கு பாதி புரியாது. கிம்புண்டு வார்த்தை வருதுங்கறது ஒரு பக்கம், வாக்கியமே கிம்புண்டு வளையறபடி வளையும், வேர்ச்சொல் போர்ச்சுகீஸ், ஒட்டு கிம்புண்டு, அடியில அர்த்தப் பட்டியலும் கிடையாது. சந்தையில பேசற மாதிரியே எழுதி, தெரியலேன்னா நீ போய்க் கேட்டுக்கோங்கற மாதிரி விட்டுட்டாரு. கரிசல்காட்டுக் கதைகளை முதல்ல படிச்ச மெட்ராஸ்காரன் முழிச்சிருப்பானே அந்த மாதிரின்னு வச்சுக்கலாம், ஆனா இங்க முழிச்சது ஆட்சி பண்ணினவன், அது வேற ருசி.

1965-ல லிஸ்பன்ல போர்ச்சுகீஸ் எழுத்தாளர் சங்கம் இந்தப் புத்தகத்துக்குப் பெரிய பரிசு குடுத்துடுச்சு. அப்போ அவர் கேப் வெர்டேயில சாண்டியாகோ தீவு தர்ராஃபல் முகாம்ல கைதி. 1936-ல சலாசார் தன் சொந்த நாட்டு எதிரிகளுக்காகக் கட்டின முகாம் அது, இடையில மூடிட்டு 1961-ல ஆப்பிரிக்கக்காரங்களுக்காகத் திரும்பத் திறந்தாங்க. "பயங்கரவாதி"க்குப் பரிசான்னு சங்க ஆபீஸை அடிச்சு நொறுக்கினாங்க, நடுவர்கள்ல சிலரை போலீஸ் கூட்டிட்டுப் போச்சு, சங்கத்தையே அரசு கலைச்சுடுச்சு. ஒரு கோழி முட்டைக் கதைக்கு! அவர் 1972 வரைக்கும் தர்ராஃபல்லதான் இருந்தாரு. 2006-ல போர்ச்சுகீஸ் மொழியோட உயர்ந்த விருதான கமோயிஸ் பரிசு குடுத்தாங்க, சொந்தக் காரணம்னு ஒரே வார்த்தையில வேணாம்னுட்டாரு.

இப்ப திரும்ப அந்தக் கேள்வி, ஏன் எறியல. கூகிக்கு ஒரு வசதி இருந்துச்சு, கிகூயு படிக்கத் தெரிஞ்ச கூட்டம் இருந்துச்சு, கிகூயுல அச்சடிச்ச புத்தகம் இருந்துச்சு. பிரிட்டிஷ் காலனிகள்ல மிஷன் பள்ளிகள் உள்ளூர் மொழியில கத்துக் குடுத்தது நிறைய. சலாசார் ஆட்சியில பள்ளிக்கூடம்னா போர்ச்சுகீஸ்தான், உள்ளூர் மொழியை மத பிரசங்கத்துக்குத் தாண்டி விடல. அதனால அங்க உள்ளூர் மொழியில எழுதினா படிக்க ஆளே இருக்காது. இதைவிடப் பெரிய காரணம் கொரில்லா முகாம். 1962-ல தார் எஸ் சலாம்ல மொசாம்பிக் விடுதலை இயக்கம் ஃப்ரெலிமோ ஆரம்பிக்கிறப்போ வடக்கேருந்து மகோண்டே, மகுவா ஆளுங்க, தெற்கேருந்து சங்கானா ஆளுங்க, ஒருத்தர் பேசறது ஒருத்தருக்குப் புரியாது. யார் மொழியை எடுத்தாலும் இன்னொருத்தன் நாங்க என்ன இளப்பமான்னு கேப்பான். யாருக்கும் சொந்தமில்லாத எதிரி மொழிதான் சண்டை இல்லாத மொழி. அப்படித்தான் காட்டுக்குள்ள மரத்தடியில கரும்பலகை மாட்டி, போர்ச்சுகீஸ்காரனைச் சுடக் கத்துக்கிட்ட அதே நாள்ல போர்ச்சுகீஸ் எழுதவும் கத்துக்கிட்டாங்க. கப்ரால் தன் ஆளுங்ககிட்ட ஒளிவுமறைவில்லாமச் சொன்னாரு, அவன் விட்டுட்டுப் போற நல்லதுல இந்த மொழியும் ஒண்ணு, அது ஒரு கருவி, அதை வச்சு அறிவியல் படிக்கலாம், வெக்கப்பட வேண்டாம்னு. நமக்கு இது சுர்ருங்கும், 65 பார்த்த ஊரு இல்லையா. ஆனா அவங்க நிலைமையில நின்னு பார்த்தா வேற வழி என்ன இருந்துச்சுன்னு எனக்கும் தெரியல. விலை இருக்கு, அந்தக் காவல்காரர் வீட்ல நான் பார்த்தது அந்த விலைதான்.

கேப் வெர்டே மட்டும் கொஞ்சம் தனி. அங்க எல்லாரும் பேசறது க்ரியோல், போர்ச்சுகீஸும் மேற்கு ஆப்பிரிக்க மொழிகளும் கலந்து தீவுலயே பிறந்தது. எழுத்து பெரும்பாலும் போர்ச்சுகீஸ்ல, பாட்டு க்ரியோல்ல. செசாரியா எவோரா செருப்பில்லாம மேடையேறி உலகம் பூரா பாடின 'சோடாட்' கேட்டிருப்பீங்க, காதல் ஏக்கம்னு நினைச்சு நிறைய பேர் கேக்கறாங்க. அது சாவோ டோமேக்குப் போற தூர வழியைப் பத்தினது. வறட்சியில பட்டினி கிடந்த தீவுக்காரங்களை ஒப்பந்தக் கூலியா சாவோ டோமே கோகோ தோட்டத்துக்குக் கப்பல் ஏத்தினாங்களே, அந்த வழி. கண்டிச் சீமைக்கும் மலாயாவுக்கும் போனவங்க வீட்ல பாடின பாட்டு தெரிஞ்சவங்களுக்கு அதுக்கு மேல விளக்கம் வேணாம்.

பிரேசில் பத்தி கேப்பீங்க. 1822-லயே தனியாப் போன நாடு, தனிக் கடல், இந்தப் பதில்ல அடக்க முடியாது. ஒண்ணு மட்டும் சொல்றேன், ஆப்பிரிக்க எழுத்தாளர்களுக்கு லிஸ்பனைத் தாண்டி ஒரு கதவைத் திறந்து விட்டது பிரேசில்தான். 1936-ல மிண்டெலோவுல 'க்ளாரிடாடே' பத்திரிகை ஆரம்பிச்ச கேப் வெர்டேக்காரங்க, பிரேசிலோட வடகிழக்கு வறட்சி நாவல்களைப் படிச்சுட்டு, அட இது நம்ம ஊரு கதைன்னு எழுத ஆரம்பிச்சவங்க. லுவாண்டினோ ஜெயில்ல பிரேசில் எழுத்தாளர் குய்மராய்ஸ் ரோசாவைப் படிச்சு, மொழியை இப்படியும் முறுக்கலாமான்னு தைரியம் வாங்கினாரு. லுவாண்டினோவைப் படிச்சு மொசாம்பிக் எழுத்தாளர் மியா கோட்டோ. ஆண்ட ஊரைச் சுத்திக்கிட்டு கடல் மேலயே போன ரூட்டு.

போர்ச்சுகல் பக்கம் என்ன ஆச்சு? 1961-லேருந்து 13 வருஷம் மூணு நாட்டுல சண்டை, கட்டாய ராணுவம், ஜெயிக்கவே முடியாதுன்னு தெரிஞ்சுபோன இளம் கேப்டன்கள்தான் 1974 ஏப்ரல் 25 ராத்திரி டாங்கியைத் திருப்பி லிஸ்பனுக்கு ஓட்டினாங்க. அதாவது ஆப்பிரிக்கா தன்னை விடுவிச்சுக்கிட்டதுல போர்ச்சுகலும் சர்வாதிகாரத்துலேருந்து விடுபட்டுடுச்சு. பிரிட்டிஷ் கதையில இதுக்குச் சமானமே கிடையாது. அடுத்த ஒண்ணரை வருஷத்துல சுமார் அஞ்சு லட்சம் பேர் காலனிகளேருந்து திரும்பி வந்தாங்க, 'ரெடோர்னாடு'ன்னு பேரு. லிஸ்பன் ஆத்தங்கரையில கடல் பயணிகளுக்கு சலாசார் காலத்துல எழுப்பின பெரிய கல் கப்பல் நினைவுச்சின்னம் இருக்கு, அதோட காலடியில இவங்க மரப்பெட்டிகள் மலை மாதிரி குவிஞ்சு கிடக்கிற ஒரு போட்டோ உண்டு, ஒரு தடவை பார்த்தா மறக்க முடியாது, போன கப்பல் எல்லாம் திரும்பி வந்து மூட்டையை இறக்கி வச்ச மாதிரி.

அப்புறம் ஒரு பெரிய மௌனம். போருக்குப் போன டாக்டர் லோபோ ஆண்டுனெஸ் 1979-லயே அந்தச் சண்டையை எழுதினாரு, ஆனா வீட்டுக்குள்ள இருந்த காலனியை எழுத இன்னும் 30 வருஷம் ஆச்சு. இசபெலா ஃபிகெய்ரெடோ 2009-ல எழுதின நினைவுக் குறிப்பு, அப்பா மபுட்டோவுல எலக்ட்ரீஷியன், மகள் மேல உசுரு, அதே கையால வேலைக்காரங்களை அடிப்பாரு. சுதந்திரம் வந்ததும் பொண்ணை மட்டும் தனியா ஃப்ளைட் ஏத்தி அனுப்பறாங்க, கறுப்பனுங்க நமக்கு என்னல்லாம் பண்றாங்கன்னு அங்க போய்ச் சொல்லுன்னு சொல்லி. அவ சொல்லல. 30 வருஷம் கழிச்சு சொன்னா, ஆனா அப்பா என்ன பண்ணினாருன்னு. கடுமையான புத்தகம், அப்பா மேல பாசம் இருக்கிறதாலயே கடுமை.

சுதந்திரம் வந்த பிறகு ஆப்பிரிக்காவுல எழுதினதுதான் எனக்கு இன்னும் சுவாரஸ்யம், ஏன்னா அங்க எதிரி இப்ப நம்மாளு. பெபெடெலா அங்கோலா கொரில்லாவா இருந்தப்பவே 1970-71-ல 'மயோம்பே' எழுதினாரு, கட்சிக்குள்ள இருக்கிற இனச் சண்டை, பதவி ஆசை எல்லாம் அதுலயே இருக்கு, 1980-லதான் வெளிய வந்துச்சு. அங்கோலாவுல உள்நாட்டுப் போர் 2002 வரைக்கும், மொசாம்பிக்ல 1977-லேருந்து 92 வரைக்கும்.

மபுட்டோவுல பழைய கோட்டை ஒண்ணு இருக்கு, துறைமுகம் பக்கத்துலயே, மதிய சாப்பாட்டுக்கு அப்புறம் அங்க போய் நிழல்ல உட்காருவேன். முற்றத்துல குதிரை மேல மவுசின்யோ டி அல்புகெர்க் சிலை. 1895-ல தெற்கு மொசாம்பிக்ல இருந்த காசா ராஜ்யத்து ராஜா நுங்குன்யானேயைப் பிடிச்ச படைத் தலைவன் அவன், நகர நடுவுல இருந்த சிலையை 1975-ல பேத்து இங்க கொண்டு வந்து வச்சுட்டாங்க. அதே கோட்டைக்குள்ள ஒரு அறையில செதுக்கு வேலைப்பாடோட ஒரு மரப்பெட்டி, நுங்குன்யானேயோடது. நாடு கடத்தி அசோரஸ் தீவுல 1906-ல செத்துப்போன ராஜாவை 1985-ல மொசாம்பிக் ஜனாதிபதி சமோரா மஷேல் விடுதலை வீரன்னு சொல்லித் திரும்ப வரவழைச்சாரு. உள்ள எலும்பு இருக்கா, வெறும் அசோரஸ் மண்ணான்னு ஊர்ல இன்னிக்கும் பேச்சு. பிடிச்சவனும் பிடிபட்டவனும் ஒரே காம்பவுண்டுல. ரெண்டே வருஷத்துல, 1987-ல, உங்குலானி பா கா கோசா ஒரு சின்ன நாவல் போட்டாரு, 'உவலலாபி'. அதுல இந்த ராஜா வீரன் இல்ல, சொந்த ஜனத்தையே நசுக்கின இன்னொரு ஆக்கிரமிப்பாளன். கப்பல் ஏறுறதுக்கு முன்னாடி ஜனங்களைப் பார்த்து சாபம் மாதிரி ஒரு பேச்சு பேசறான், இனிமே உங்களுக்கு என்னல்லாம் வரும்னு, படிக்கிறவனுக்கு அது போர்ச்சுகீஸ்காரனைப் பத்தி மட்டும் இல்லேன்னு தெரியும். மஷேல் அடையாளம் தேடின இடத்துலேயே போய்க் கை வச்சாரு பாருங்க, அந்தத் துணிச்சல்.

மியா கோட்டோவோட 'தூக்கத்தில் நடக்கும் தேசம்'னு சொல்லலாம், 1992-ல சண்டை முடிஞ்ச வருஷம் வந்த நாவல். எரிஞ்சுபோன பஸ்ஸுக்குள்ள ஒரு கிழவரும் ஒரு பையனும் ஒதுங்கியிருக்காங்க, பக்கத்துல செத்துக் கிடந்தவனோட நோட்டுப் புத்தகத்தைப் பையன் வாசிக்க வாசிக்க வெளிய நிலப்பரப்பே மாறிக்கிட்டே போகுது. அந்த நோட்டுல சுரேந்திர வாலான்னு ஒரு இந்தியக் கடைக்காரர் வர்றாரு. நோட்டை எழுதின கறுப்புப் பையனுக்கும் அவருக்கும் ஊரே முகம் சுளிக்கிற ஒரு சிநேகம், நாம ரெண்டு பேரும் இந்தியப் பெருங்கடல் ஜாதிதாண்டாங்கறாரு அவர். கடையை எரிச்சுடறாங்க, கிளம்பிப் போயிடறாரு. மபுட்டோவுல கடை வச்சிருக்கிற குஜராத்திக்காரங்களைப் பார்த்தா எனக்கு அவர் ஞாபகம்தான். குஜராத், டையூ வணிகர்கள் துணி ஏத்திக்கிட்டு அந்தக் கரைக்குப் போனது போர்ச்சுகீஸ் ஆட்சி காலத்துலயே பெரிய வியாபாரம், இன்னிக்கும் அங்க பொம்பளைங்க இடுப்புல சுத்தற கபுலானா துணி நிறைய இந்தியச் சரக்கு. கோட்டோ சில நேரம் வார்த்தை விளையாட்டுல ரொம்ப மயங்கிடறாருங்கறது என் கருத்து, முதல் நாவல்ல அது இல்ல.

பாவ்லினா சிசியானே வேற ஜாதி எழுத்து. மொசாம்பிக்ல ஒரு பெண் வெளியிட்ட முதல் நாவல் 1990-ல இவங்களோடது. என்னை நாவலாசிரியைன்னு சொல்லாதீங்க, கதை சொல்றவன்னு சொல்லுங்கம்பாங்க. 2002-ல வந்த 'நிகெச்சே'யில ராமின்னு ஒரு போலீஸ் அதிகாரியோட பொண்டாட்டி, புருஷனுக்கு இன்னும் நாலு குடும்பம் இருக்குன்னு கண்டுபிடிக்கிறா. முதல்ல போய் அடிதடி. அப்புறம் யோசிச்சு, அந்த நாலு பேரையும் ஒண்ணு சேர்த்து, அவனோட 50-வது பிறந்தநாள் விருந்துல எல்லாருமா வந்து நிக்கிறாங்க. பலதாரம் பழைய வழக்கம், ஒழிக்கணும்னு கட்சி சொல்லுது, ஒரே கல்யாணம்னு சர்ச் சொல்லுது, ரெண்டுக்கும் நடுவுல ஆம்பளை திருட்டுத்தனமா எல்லாம் பண்ணிக்கிறான், முறைப்படியாவது பண்ணுடா, செலவுக்குக் குடுடாங்கறாங்க இவங்க. சிரிச்சுக்கிட்டே படிக்கலாம். 2021-ல கமோயிஸ் பரிசு, ஆப்பிரிக்கப் பெண்கள்ல முதல் ஆள்.

கோவா இதுக்கெல்லாம் நேர் தலைகீழ். 1510-லேருந்து 1961 டிசம்பர் வரைக்கும் ஆண்டான், 1866-லயே ஃப்ரான்சிஸ்கோ லூயிஸ் கோமெஸ் போர்ச்சுகீஸ்ல நாவல் எழுதினாரு, ஓர்லாண்டோ டா கோஸ்டா கோவா உழவர்களைப் பத்தி 1961-ல எழுதினாரு (போர்ச்சுகல் பிரதமரா இருந்த அண்டோனியோ கோஸ்டாவோட அப்பா), ஆனா அவன் கிளம்பினதும் மொழியும் கிளம்பிடுச்சு. ஏன்னா கொங்கணி இருந்துச்சு, மராட்டி இருந்துச்சு, பக்கத்துல இங்கிலீஷ் தயாரா நின்னுச்சு. அந்தப் புத்தகங்களைக் கோவாவுலயே படிக்க ஆள் குறைவு.

லிஸ்பன்ல இப்ப பசங்க "நிறைய"ங்கறதுக்கு "புவே"ம்பாங்க, "கிளம்பலாம்"ங்கறதுக்கு "பசார்"ம்பாங்க, ரெண்டுமே கிம்புண்டுலேருந்து, லுவாண்டா முசெக் வழியா வந்தது. புவேயை 2001-ல லிஸ்பன் அறிவியல் அகாடமி அகராதியிலயே சேர்த்துட்டாங்க, வயசானவங்க சில பேர் மொழி கெட்டுப்போச்சுன்னு புலம்பினாங்க.

எங்க ஆரம்பிக்கிறதுன்னு கேட்டீங்க. இங்கிலீஷ் மொழிபெயர்ப்புலதான் படிக்கணும், அதுல லுவாண்டினோவோட பாதி ருசி போயிடும், இருந்தாலும் கோழி முட்டைக் கதையை முதல்ல எடுங்க, ஒரே உட்கார்ல முடிஞ்சுடும். அப்புறம் நிகெச்சே, அப்புறம் மியா கோட்டோவோட அந்த முதல் நாவல். இசபெலா ஃபிகெய்ரெடோவைக் கடைசியா வச்சுக்கோங்க, மத்ததைப் படிச்சுட்டு வந்தாதான் அந்தப் பொண்ணு ஏன் அத்தனை வருஷம் வாயைத் திறக்கலேன்னு புரியும். முட்டைக் கதையைப் படிக்கிறப்போ தெரியாத வார்த்தை வந்தா நிறுத்தி அகராதி தேடாதீங்க, பெபேகா பாட்டிக்கும்தான் குமாஸ்தா பேசினது பாதி புரிஞ்சிருக்காது, முட்டையை மட்டும் கீழ விடாம பிடிச்சுக்கிட்டு உட்கார்ந்திருந்தா.